பச்சைக் கதவில் ஒட்டிய சம்மன்

"தள்ளாதீங்க. பக்கவாட்டுல இழுங்க" என்று உள்ளேயிருந்து கத்தினேன். எங்கள் வீட்டுக்குப் புதிதாக வருகிற எல்லோரும் கதவைத் தள்ளத்தான் செய்வார்கள். அது தண்டவாளத்தில் ஓடுகிற இழுப்புக் கதவு. மேல்பாதி கண்ணாடி. தள்ளினால் கண்ணாடி அதிரும், அவ்வளவுதான்.

வந்தவர் கோர்ட் சிப்பந்தி. நான் கழுத்தில் இஞ்ச் டேப்போடு ஒரு கால்சட்டையின் இடுப்பைப் பிரித்துக்கொண்டிருந்தேன். ஆல்டரேஷன்தான் என் பிழைப்பு. இளைத்தவருக்குப் பிடித்துக் கொடுப்பேன், பெருத்தவருக்கு விட்டுக் கொடுப்பேன். வீட்டின் முன் அறைதான் கடை.

"இந்த வீட்டை இருபது நாளுக்குள்ள காலி பண்ணணும்மா. தீர்ப்பாயிடுச்சு" என்றார்.

"என்ன தீர்ப்பு?"

"உங்க அண்ணன் போட்ட கேஸ். உங்களைக் கூப்பிட்டாங்க, நீங்க வரலை. எக்ஸ்பார்ட்டி ஆயிடுச்சு."

எதிராளி வராவிட்டால், வந்தவர் சொல்வதை மட்டும் கேட்டுவிட்டுக் கொடுக்கிற தீர்ப்பாம். அதை அவர்தான் விளக்கினார். பாவம், வெயிலில் வந்திருந்தார், தண்ணீர் கொடுத்தேன். அவர் போன பிறகுதான் காகிதத்தை எழுத்துக் கூட்டிப் படித்தேன். நான் வரவில்லையாம். அப்பா மாடிப்படியில் விழுந்து இடுப்புக்குக் கீழே உணர்வற்றுப் போன நாளிலிருந்து மூன்று வருஷம், அவர் இருமினாலும் ஆஜர், தும்மினாலும் ஆஜர். துடைத்தேன், புரட்டிப் போட்டேன், ஊட்டினேன். மூத்த மகன் என்று ஒருவன் இருந்தான், அவன் எந்த வாய்தாவுக்கும் வந்ததில்லை. கடைசியில் வராதவள் நான் என்று முத்திரை குத்திய காகிதம் வருகிறது.

அண்ணனுக்குப் போன் போட்டேன்.

"என்னண்ணா இது, வெளிய போன்னு காகிதம் வந்திருக்கு?"

"முறைப்படி சம்மன் அனுப்பினோமே. வீடு பூட்டிக் கிடந்துச்சுன்னு கதவுல ஒட்டிட்டுப் போனாங்க. நீ வரலைன்னா நான் என்ன பண்றது?"

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"சொன்னா நீ கத்துவ. அப்பா வீட்டை எனக்கு எழுதிக் கொடுத்துட்டார். இத்தனை நாள் நீ அங்க இருந்தது என் தயவுல. புரிஞ்சுக்கோ."

தயவு என்றான். அந்த ஒரு சொல்லுக்காகவே இவனை நாற்சந்தியில் நிற்க வைப்பது என்று அன்றைக்கு முடிவு செய்தேன். நல்லவள் மாதிரி நடிக்க எனக்கு ஆசையில்லை. வீடு திரும்பக் கிடைத்தால் போதும், அவன் எங்கேயாவது நன்றாக இருக்கட்டும் என்றெல்லாம் நான் நினைக்கவே இல்லை. வீடும் வேண்டும், அவன் தலை குனிந்து நிற்பதை என் இரண்டு கண்ணால் பார்க்கவும் வேண்டும். அந்தக் கோபத்தில் ஒருத்தரின் கால்சட்டையை இரண்டு இஞ்ச் அதிகமாக வெட்டிவிட்டேன், புதுத் துணி எடுத்துத் தைத்துக் கொடுத்தேன்.

கோர்ட் வாசலில் விசாரித்ததில் ஒரு வக்கீலம்மாவைக் காட்டினார்கள். கொண்டையில் எப்போதும் ஒரு பென்சில் செருகியிருப்பார், அதனால் பென்சில் வக்கீல் என்றால்தான் அங்கே எல்லோருக்கும் தெரியும். என் மகள் வயதுதான் இருக்கும். பேச்சில் மட்டும் என் மாமியார் தோற்றுப் போவார்.

"ஒருதலைத் தீர்ப்பை ரத்து பண்ணச் சொல்லி மனு போடலாம். அதுக்கு ரெண்டே வழி. ஒண்ணு, சம்மன் உங்களுக்கு வரவே இல்லைன்னு காட்டணும். இல்லேன்னா, வந்துச்சு, ஆனா தகுந்த காரணத்தால ஆஜராக முடியலைன்னு காட்டணும். உங்களுக்கு எது?"

"வரவே இல்லை."

"எல்லாரும் அதைத்தான் சொல்வாங்க" என்று பென்சிலை உருவிக் காதைச் சொறிந்துகொண்டார். "சரி, ஃபைல் நகல் எடுப்போம். முதல்ல உங்களைக் காலி பண்ணாம இருக்கத் தடை வாங்கறேன்."

தடை வாங்கிவிட்டார். நகல் வந்ததும் என்னைக் கூப்பிட்டு, சம்மன் கொண்டுபோனவர் எழுதிக் கொடுத்த அறிக்கையை வாசித்துக் காட்டினார். "வீடு பூட்டியிருந்தது. பலமுறை அழைத்தும் பதில் இல்லை. ஆகவே, பச்சை வண்ணம் பூசிய, பித்தளைக் கைப்பிடி உள்ள முன்கதவில் சம்மனை ஒட்டினேன்." கீழே சாட்சியாக அண்ணியின் தம்பி கையெழுத்துப் போட்டிருந்தான். அவனை நாங்கள் ஆமாஞ்சாமி என்றுதான் கூப்பிடுவோம். அண்ணன் எது சொன்னாலும் தலையாட்டுவான், சொல்வதற்கு முன்பே ஆட்டிவிடுவதும் உண்டு.

நான் சிரித்தேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். வக்கீலம்மா பயந்துபோய்த் தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

"இன்னொரு தடவை படிங்க" என்றேன். "அந்தக் கதவை மட்டும்."

அந்தப் பச்சைக் கதவு எங்கள் வீட்டில் இருந்தது உண்மைதான். நாங்கள் பிறந்ததிலிருந்து இருந்தது. மழைக் காலத்தில் உப்பிக்கொள்ளும், பிடியைச் சற்று மேலே தூக்கித் தோளால் தள்ளினால்தான் திறக்கும். ஆஸ்பத்திரியிலிருந்து அப்பாவைச் சக்கர நாற்காலியில் கொண்டுவந்த அன்று வாசலை அளந்தேன். இருபத்தாறு இஞ்ச். நாற்காலி இருபத்தேழு. ஒரே ஒரு இஞ்ச். துணி என்றால் விட்டுத் தைத்துவிடலாம், சுவரை என்ன செய்வது? அப்பாவை மூன்று பேர் மூட்டை மாதிரித் தூக்கி உள்ளே போட்டோம். அவர் கண்ணை இறுக மூடிக்கொண்டார். அந்த வாரமே தெருமுனைத் தச்சரைக் கூட்டி வந்து, நிலையோடு பெயர்த்து, வாசலை அகலப்படுத்தி, இந்த இழுப்புக் கதவைப் போட்டேன். அப்பா கையாலேயே இழுத்துத் திறந்து வெளியே போய் வெயிலில் உட்காரலாம்.

"பழைய கதவை என்ன பண்றது, விறகுதான்" என்றார் தச்சர். நான் விடவில்லை. நாலு கால் போட்டு என் வெட்டு மேசையாக்கிக்கொண்டேன். இன்றைக்கும் அதன் மேல்தான் துணி வெட்டுகிறேன். சாவித்துவாரம் அப்படியே இருக்கிறது, சாக்குக்கட்டி அதில் விழுந்து கீழே உருண்டுபோகும், நான் திட்டிக்கொண்டே தேடுவேன்.

எல்லாம் நடந்து நாலு வருஷமாகிறது. அண்ணனுக்குத் தெரியாது. அவன் வந்தால்தானே தெரியும்? அப்பா ஆஸ்பத்திரியில்தான் போனார். அங்கிருந்து நேராக அடக்கம். அண்ணன் ரயிலிறங்கி அடக்கத்துக்கு வந்தான், அங்கிருந்தே ரயிலேறினான். வீட்டு வாசலை மிதிக்கவில்லை. பொய்க்கு நகை போட்டு அழகு பார்க்கிறேன் என்று, சம்மன்காரரிடம் பச்சை வண்ணம், பித்தளைப் பிடி என்று சொல்லிக் கொடுத்தவன் அவனாகத்தான் இருக்கும். தவளை தன் வாயால் கெடும் என்பது சும்மாவா?

வக்கீலம்மா சிரிக்கவில்லை. வேறொரு காகிதத்தைத் தேடி எடுத்தார். அப்பா வீட்டை எழுதிக் கொடுத்ததாக அண்ணன் காட்டுகிற பத்திரம்.

"இந்தத் தேதியில உங்க அப்பா எப்படி இருந்தார்?"

"நாற்காலியில. விழுந்து ஒரு வருஷம் ஆகியிருந்துச்சு."

"அப்பா வீட்டு முன் அறையில, மகன் எதிரிலேயே கையெழுத்துப் போட்டார்னு இதுல எழுதியிருக்கு." பென்சிலால் அந்த வரியைத் தட்டினார். "அதாவது உங்க அண்ணன் அன்னிக்கு அந்தப் புதுக் கதவு வழியாத்தான் உள்ள வந்திருக்கணும்."

எனக்குப் புரிய ஒரு நொடி ஆனது. பச்சைக் கதவைச் சொல்கிறவன் புதுக் கதவைப் பார்த்ததே இல்லை, அப்படியென்றால் பத்திரமும் பொய்.

"கதவு விஷயம் யார்கிட்டயும் மூச்சு விடாதீங்க" என்றார். "மனுவில சம்மன் ஒட்டலைன்னு மட்டும் எழுதறேன். இது தெரிஞ்சா கதையை மாத்திடுவாங்க."

மூச்சு விடவில்லை. ஆனால் தினமும் காலையில் பல் துலக்குவதற்கு முன்பே அண்ணனை நினைத்துக்கொள்வேன். வாடிக்கையாளர் யாராவது "என்னக்கா, முகத்துல ஒரு களை?" என்று கேட்டால் கல்யாணத்துக்குப் போகப் போகிறேன் என்பேன்.

விசாரணை நாள் வந்தது. கோர்ட் அறை சின்னது, மின்விசிறி பெரியது, காகிதங்களின் மேல் கல் வைத்திருந்தார்கள். நான் பையில் பித்தளைக் கைப்பிடியையும் தச்சர் தேதி போட்டுக் கொடுத்த ரசீதையும் அப்பா புதுக் கதவைப் பிடித்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருக்கிற போட்டோவையும் வைத்திருந்தேன். அண்ணனைக் காணோம். அவன் வக்கீலும் இல்லை. வெளியே தாழ்வாரத்தில் ஆமாஞ்சாமி மட்டும் போனைக் காதில் ஒட்டிக்கொண்டு, "மாமா, ரயில் இப்பதான் வந்துச்சா? வக்கீலையும் கூட்டிட்டுச் சீக்கிரம் வாங்க மாமா" என்று குழைந்துகொண்டிருந்தான்.

எங்கள் எண் வந்தது. டவாலி வாசலில் நின்று அண்ணன் பெயரைக் கூப்பிட்டார். ஒரு தடவை. இரண்டு தடவை. ஆமாஞ்சாமி தூணுக்குப் பின்னால் ஒதுங்கிக்கொண்டான். மூன்றாவது தடவையும் கூப்பிட்டாயிற்று.

"எதிர்த்தரப்பு இல்லையா?" என்று நீதிபதி கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "அப்போ மனுவை அனுமதிச்சிடலாம்."

வக்கீலம்மாவின் முகம் மலர்ந்தது. ஒரே வார்த்தையில் அண்ணன் வாங்கிய தீர்ப்பு ரத்தாகிவிடும். அப்போதுதான் நான் எழுந்து நின்றேன்.

"வந்துட்டிருக்கார் ஐயா" என்றேன். "ரயில் லேட். கொஞ்சம் பொறுத்துக்கணும்."

வக்கீலம்மா என் புடவையைப் பிடித்து இழுத்தார். "என்னம்மா பண்றீங்க? தட்டுல வச்சுக் கொடுக்கறாங்க" என்று பல்லுக்குள் பேசினார்.

"வேண்டாம்" என்றேன்.

நீதிபதி என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். அண்ணனிடம் வீட்டைப் பறிகொடுக்க இருந்தவள் அவனுக்காகவே பேசுகிறாள், எவ்வளவு பெரிய மனசு என்று அவர் நினைத்திருக்க வேண்டும். "சரி, கடைசியில எடுத்துக்கலாம்" என்று அடுத்த எண்ணைக் கூப்பிடச் சொன்னார்.

வெளியே வந்ததும் வக்கீலம்மா என்னைச் சுவரோரம் நிறுத்தினார். "இப்ப கிடைச்சிருக்கும். புரியுதா உங்களுக்கு?"

"கிடைச்சிருக்கும். நாளைக்கு அவன் வந்து, ரயில் லேட்டு, நெஞ்சு வலின்னு ஒரு மனு போடுவான். இதையும் கலைச்சிடுவாங்க. நான் எதை வச்சு அவன் தீர்ப்பைக் கலைக்க வந்தேனோ, அதை வச்சே அவன் என்னுதைக் கலைப்பான். இருபது வருஷமா தையல் பிரிக்கறேம்மா, எது பிரியும், எது பிரியாதுன்னு எனக்குத் தெரியும். அவன் இருக்கணும். வாயைத் திறந்து சொல்லணும். நான் பார்க்கணும்."

அவர் பென்சிலை உருவினார், மறுபடி செருகினார். பிறகு, "நல்ல வேளை நான் உங்க அண்ணன் இல்லை" என்றார்.

ஒரு மணி நேரம் கழித்து அண்ணன் வியர்த்து ஊற்ற வந்து சேர்ந்தான். தலை நரைத்திருந்தது. ஆமாஞ்சாமி நடந்ததைச் சொல்லியிருப்பான் போலிருக்கிறது, நேராக என்னிடம் வந்தான். கண் கலங்கியிருந்தது.

"நீதான் நிறுத்தி வச்சியாம். எத்தனை இருந்தாலும் கூடப் பிறந்தவ இல்லையா?"

"உள்ள போண்ணா, கூப்பிடறாங்க" என்றேன். என் மனசு கொஞ்சம்கூட இளகவில்லை என்று சொல்ல மாட்டேன். இளகியது. தயவு என்ற சொல்லை நினைத்துக்கொண்டேன், மறுபடி இறுகிவிட்டது.

கூண்டில் ஏறியபோது அவனுக்குப் பயமே இல்லை. எல்லாம் சமாதானமாகப் போகிறது என்று நினைத்துவிட்டான். வக்கீலம்மாவும் தேன் தடவித்தான் ஆரம்பித்தார்.

"அப்பா படுத்த படுக்கையா இருந்தப்போ நீங்க வந்து பார்த்தீங்களா?"

"மாசம் தவறாம வருவேன்."

"பத்திரத்துல கையெழுத்துப் போட்டப்பவும் அந்த வீட்ல இருந்தீங்க?"

"முன் அறையில, அவர் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன்."

"சம்மன் ஒட்டின கதவு உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாம என்னங்க? நான் பிறந்த வீடு. பச்சைக் கதவு."

"கடைசியா நீங்க எப்படித் திறந்து உள்ள போனீங்க?"

அண்ணன் சிரித்தான். நீதிபதியைப் பார்த்து, ஏதோ செல்லப் பிள்ளையைப் பற்றிச் சொல்வது போலச் சொன்னான். "அது சண்டித்தனம் பண்ணும் ஐயா. பிடியைக் கொஞ்சம் மேல தூக்கி, தோளால ஒரு தள்ளு. அப்பதான் திறக்கும்."

அவ்வளவு சரியாகச் சொன்னான். சின்ன வயதில் பள்ளியிலிருந்து ஓடி வந்து அவன் தூக்க, நான் தள்ளுவேன். ஆனாலும் பையைத் திறந்தேன்.

வக்கீலம்மா பித்தளைக் கைப்பிடியை மேசையில் வைத்தார். ரசீதை வைத்தார். போட்டோவை நீதிபதியிடம் கொடுத்தார். தச்சர் வாசலிலிருந்து உள்ளே வந்து, நாலு வருஷத்துக்கு முன் தன் கையால் அந்தக் கதவைப் பெயர்த்ததையும், அது இப்போது நாலு காலில் நிற்பதையும் சொன்னார். அறையில் யாரோ சிரித்தார்கள். அண்ணன் மட்டும் அந்தப் பித்தளைப் பிடியையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அடுத்து ஆமாஞ்சாமியைக் கூப்பிட்டார்கள். சம்மன் உங்கள் கண் முன்னால் ஒட்டியதா என்றதற்கு ஆமாம் என்றான். அறிக்கை டீக்கடையில் உட்கார்ந்து எழுதியதா என்றதற்கும் ஆமாம் என்றுவிட்டான். பழக்க தோஷம்.

நீதிபதி எழுத்தரிடம் சொல்லச் சொல்ல நான் ஒவ்வொரு சொல்லையும் பிடித்துக்கொண்டேன். சம்மன் சேர்க்கப்படவில்லை. ஒருதலையாகக் கொடுத்த தீர்ப்பு ரத்து. வழக்கு முதலிலிருந்து விசாரிக்கப்படும். பொய் அறிக்கை எழுதியவர் மீது தனி விசாரணை. பிறகு அண்ணனைப் பார்த்து, "நீங்க நேர்ல நின்னு சொன்னது எல்லாம் பதிவாயிருக்கு. அந்தப் பத்திரத்தை விசாரிக்கிறப்போ இதையும்தான் படிப்பேன்" என்றார். அண்ணன் தலை குனிந்தான். சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு இனித்தது.

ஒரு வாரம் கழித்து, மத்தியானம், வெட்டு மேசையில் துணியை விரித்துக் கோடு போட்டுக்கொண்டிருந்தேன். கண்ணாடி அதிர்ந்தது. நிமிர்ந்தால் அண்ணன். தள்ளினான். திறக்கவில்லை. கை தானாகப் பிடியைத் தேடிப் போனது, அங்கே பிடி இல்லை. தோளால் ஒரு இடி இடித்துப் பார்த்தான். வெயில் அவன் முகத்தில் அடித்தது.

"கதவைத் திறயேன்" என்றான். "வக்கீல் கேஸை வாபஸ் வாங்கச் சொல்றார். வாங்கிடறேன். வீடு உனக்கே இருக்கட்டும். ஆமாஞ்சாமியையும் என்னையும் கோர்ட்டுக்கு இழுக்காம விட்டுடு. பேசித் தீர்த்துக்கலாம்."

நான் எழுந்து கதவருகே போனேன். எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் கண்ணாடி மட்டும்தான்.

"ஆஸ்பத்திரியில கடைசி நாள் அப்பா உன்னைக் கூப்பிட்டார்" என்றேன். "பெரியவனே, பெரியவனேன்னு மூணு தடவை. உனக்குப் போன் பண்ணினேன், நீ எடுக்கலை. வந்துட்டிருக்கான்பா, ரயில் லேட்டுன்னு சொன்னேன். அவர் நம்பிட்டார். வாசலைப் பார்த்துக்கிட்டேதான் போனார்."

அவன் நெற்றியைக் கண்ணாடியில் வைத்தான். உதடு அசைந்தது.

"எனக்குத் தெரியாது" என்றான். "நீ சொல்லவே இல்லையே."

"நீ வரவே இல்லையே. கோர்ட்ல மறுபடி கூப்பிடுவாங்க. அங்க வா, பேசிக்கலாம்."

அவன் மறுபடி கதவைத் தள்ளினான். இழுத்தால் திறக்கும் என்று சொல்ல ஒரு வார்த்தை போதும். நான் திரும்பி வந்து மெஷினில் உட்கார்ந்தேன், மிதிக்க ஆரம்பித்தேன். வெளியே அவன் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தான். மெஷின் சத்தத்தில் எனக்குக் கேட்கவில்லை.